கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர்

நண்பர் ஒருவர் கேட்டார்: குடும்ப சிகிச்சை கற்றுக்கொள்பவர்களை மேற்பார்வை செய்வதில் ஆண் என்ன, பெண் என்ன? கார் ஓட்டக் கற்றுக்கொடுப்பது மாதிரி ஒரு தொழில்நுட்பம்தானே அது? நண்பர் கவிஞர். மொழியில் நடுநிலை என்று ஒன்று கிடையவே கிடையாது என்று ஒரு மணி நேரம் மூச்சுவிடாமல் பேசக்கூடியவர். ஆனால் பிலடெல்பியாவில் ஒரு கிளினிக்கில், தாயையும் தகப்பனையும் பிள்ளையையும் எதிரே உட்காரவைத்துக்கொண்டு ஒருவர் பேசும் பேச்சில் மட்டும் நடுநிலை இருந்தாக வேண்டும் அவருக்கு. விஞ்ஞானம் என்று பெயர்ப்பலகை மாட்டிய வாசலைக் கண்டதும் செருப்பைக் கழற்றிவிடுகிற இந்தப் பணிவு நம் எழுத்தாளர்களுக்கு எங்கிருந்து வருகிறது என்பது தனி விஷயம். அதை இன்னொரு சமயம் பார்த்துக்கொள்ளலாம்.

பதில் சொல்வதற்கு முன் நானும் ஒன்றை ஒப்புக்கொள்ள வேண்டும். 1956இல் பேட்ஸன், ஜாக்ஸன், ஹேலி, வீக்லண்ட் நால்வரும் சேர்ந்து மனச்சிதைவு பற்றி ஒரு கட்டுரை எழுதினார்கள். நோயாளியைத் தனியே பிரித்து ஆராய்வதை விட்டுக் குடும்பத்தின் பேச்சையே நோயின் களமாகப் பார்க்கத் தொடங்கிய கட்டுரைகளில் அது முக்கியமானது. அதில் ஒரு சம்பவம். நோயிலிருந்து ஓரளவு தேறிய இளைஞனை ஆஸ்பத்திரியில் பார்க்கத் தாய் வருகிறாள். அவன் சந்தோஷத்தில் அவள் தோளில் கை போடுகிறான். அவள் உடம்பு விறைக்கிறது. அவன் கையை எடுத்துக்கொள்கிறான். என் மேல் பிரியம் போய்விட்டதா என்கிறாள் தாய். அவன் முகம் சிவக்கிறது. மனசில் படுவதைக் காட்ட இப்படிக் கூச்சப்படவும் பயப்படவும் கூடாது என்று புத்தி சொல்கிறாள். சில நிமிஷங்களுக்கு மேல் அவனால் அவளோடு இருக்க முடியவில்லை. அவள் போனதும் ஒரு சிப்பந்தியைத் தாக்குகிறான்.

இதை எத்தனை பேரிடம் சொல்லியிருக்கிறேன் என்று கணக்கில்லை. வாய் சொல்வதும் உடம்பு சொல்வதும் முரண்படும்போது கேட்பவன் இரண்டுக்கும் நடுவில் மாட்டிக்கொள்கிற இரட்டைப் பிணைப்பை விளக்க இதைவிடக் கச்சிதமான கதை கிடையாது. நான் அதை ஒரு சிறுகதை மாதிரிதான் சொல்வேன். அந்த விறைப்பு வரும் இடத்தில் கேட்பவர்கள் தலையை ஆட்டுவார்கள். அந்த அம்மாள் ஏன் விறைத்தாள் என்று ஒருவரும் கேட்டதில்லை. நானும் கேட்டுக்கொண்டதில்லை. பிள்ளைக்குப் புத்தி பேதலித்துப்போனதை எத்தனை டாக்டர்கள் அவள் மடியில் கொண்டுவந்து போட்டார்கள், அன்று எவ்வளவு தூரம் பிரயாணம் செய்து வந்தாள், கூட யார் வரவில்லை? ஒரு தகவலும் இல்லை. நல்ல சிறுகதைக்காரன் இவ்வளவு தட்டையாக ஒரு பாத்திரத்தை விட்டிருந்தால் நாம் சும்மா இருந்திருப்போமா?

கட்டுரையில் இன்னொன்றும் இருக்கிறது. இரட்டைப் பிணைப்பு உருவாகும் குடும்பச் சூழலுக்கு அவர்கள் மூன்று அம்சங்களைச் சொல்கிறார்கள். முதல் இரண்டும் தாயின் சுபாவம். மூன்றாவது, குறுக்கிட்டுப் பிள்ளையைத் தாங்க வீட்டில் ஆளில்லாமை. யார் மாதிரி ஆள்? வலிமையும் நுட்பமான பார்வையும் உள்ள தகப்பன் மாதிரி. ஆக, தாயின் குற்றம் அவள் செய்வதில் இருக்கிறது. தகப்பன் குற்றவாளியே இல்லை, அவன் வராமல்போன ரட்சகன். எழுதியவர்கள் நான்கு ஆண்கள் என்பதால் வந்த வினை இது என்று அவசரப்பட்டுவிட வேண்டாம். மனச்சிதைவை விளைவிக்கும் தாய் என்ற பிரயோகத்தை 1948இல் அச்சில் கொண்டுவந்தவர் ஃப்ரீடா ஃப்ராம்-ரைக்மன். அவர் பெண். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் வேண்டியிருக்கும்.

அந்த வலிமையான தகப்பன் பிறகு வந்துசேர்ந்தான், சிகிச்சையாளனின் வேஷத்தில். ஸால்வடார் மினுச்சின் 1965இல் பிலடெல்பியாவில் குழந்தைகளுக்கான மனநல கிளினிக்கின் பொறுப்பை ஏற்றார். 1974இல் வந்த அவருடைய ‘குடும்பங்களும் குடும்ப சிகிச்சையும்’ இந்தத் துறையில் பாடப்புத்தகமாயிற்று. அவருடைய முறைக்கு அமைப்பியல் சிகிச்சை என்று பெயர். (லெவி-ஸ்ட்ராஸ் ஞாபகம் வருகிறவர்கள் அதை ஓரமாக வைத்துவிடலாம். இங்கே அமைப்பு என்பது வீட்டில் யார் யாருக்கு மேலே, யார் யாரோடு ஒட்டிக்கிடக்கிறார்கள் என்ற ஏற்பாடுதான்.) பிள்ளையோடு தாய் பின்னிக்கிடப்பாள், தகப்பன் விலகி நிற்பான். தாயைப் பெயர்த்து நகர்த்தித் தகப்பனை உள்ளே கொண்டுவர வேண்டும். 1978இல் ரேச்சல் ஹேர்-மஸ்டின் குடும்ப சிகிச்சைக்குப் பெண்ணியப் பார்வை வேண்டும் என்று எழுதியபோது இந்த இடத்தில்தான் விரல் வைத்தார். சிகிச்சையாளர் தகப்பனோடு அணி சேர்கிறார். அறையில் தாமே அதிகாரம் செலுத்தி, வீட்டில் எப்படி அதிகாரம் செலுத்துவது என்று அவனுக்குக் காட்டிக்கொடுக்கிறார். குடும்பம் தேறுவது என்றால் ஆண் மறுபடி தலைமை ஏற்பது என்று ஆகிவிடுகிறது.

இதெல்லாம் சிகிச்சை பற்றியது, மேற்பார்வைக்கு என்ன சம்பந்தம் என்பார் நண்பர். கற்றுக்கொடுக்கும் விதத்தைப் பாருங்கள். அறையின் ஒரு சுவரில் ஒருவழிக் கண்ணாடி. உள்ளே இருப்பவர்களுக்கு அது முகம் பார்க்கிற கண்ணாடி. பின்னால் இருட்டில் உட்கார்ந்திருப்பவர்களுக்கு ஜன்னல். உள்ளே குடும்பமும், கற்றுக்கொள்கிற சிகிச்சையாளரும். பின்னால் மேற்பார்வையாளரும் சக மாணவர்களும். உள்ளே ஒரு டெலிபோன். மேற்பார்வையாளருக்கு ஏதாவது தோன்றினால் மணி அடிக்கும். சில இடங்களில் காதுக்குள் பொருத்திக்கொள்ளும் சிறு கருவி உண்டு. குரல் நேரே காதுக்கு வரும், குடும்பத்துக்குக் கேட்காது. அவசரமென்றால் மேற்பார்வையாளரே கதவைத் திறந்துகொண்டு வந்துவிடலாம்.

இந்த ஏற்பாட்டைக் கேவலமாகப் பேச எனக்கு இஷ்டமில்லை. உளப்பகுப்பாய்வாளரின் மூடிய கதவுக்குள் என்ன நடக்கிறது என்பது அவர் சொன்னால்தான் உண்டு என்றிருந்த காலத்தில், எல்லோர் கண்ணுக்கும் முன்னால் வேலையைக் கொண்டுவந்து வைத்தது இந்தக் கண்ணாடி. மினுச்சின், ஹேலி, பிராலியோ மொண்டால்வோ மூவரும் 1970ஐ ஒட்டிய வருஷங்களில், பட்டம் எதுவுமில்லாத கறுப்பின, போர்ட்டோ ரிக்கோ வட்டாரத்து மனிதர்களைச் சிகிச்சையாளர்களாகப் பயிற்றுவித்தார்கள். புத்தகத்தை வைத்துக் கற்றுக்கொடுப்பதைவிட வேலையின் நடுவிலேயே கைபிடித்துக் காட்டிக்கொடுப்பதுதான் அங்கே சரியாக வந்தது. டெலிபோன் மணிக்கு அப்படி ஒரு கௌரவமான பூர்வீகமும் உண்டு.

இப்போது ஒரு காட்சி. நானே கட்டுகிற காட்சிதான், எந்தக் கிளினிக்கின் பதிவும் இல்லை. பத்து வயதுப் பையன் பள்ளிக்கூடம் போக மாட்டேன் என்கிறான். தாய் பேசுகிறாள். எந்த வாரம் ஆரம்பித்தது, எந்த டாக்டர் என்ன சொன்னார், எதைச் சாப்பிட்டு வாந்தியெடுத்தான், எல்லாம் அவளுக்குத்தான் தெரியும். தகப்பன் கைக்கடிகாரத்தைப் பார்த்துக்கொண்டிருக்கிறான். சிகிச்சை கற்றுக்கொள்கிறவள் இருபத்தெட்டு வயதுப் பெண். தாய் பேச்சுவாக்கில் தான் வேலையை விட்டதைச் சொல்லிவிட்டுத் தாண்டிப் போகிறாள். அந்த இடத்தில் எதுவோ இருக்கிறது என்று இவளுக்குப் படுகிறது. கேட்க வாயெடுக்கும்போது மணி. அம்மாவைப் பேசவிட்டுக்கொண்டே இருக்கிறாய், நிறுத்து, அப்பாவைக் கேள். இவள் கேட்கிறாள். தாயின் வாக்கியம் பாதியில் நிற்கிறது. இவள் கேட்க நினைத்த கேள்வியும் நிற்கிறது. தகப்பன் இரண்டு வாக்கியம் பேசுகிறான். அந்த இரண்டு வாக்கியத்தையும் பாராட்டச் சொல்லி மறுபடி மணி. குடும்பம் போனபிறகு இவளுக்குச் சொல்லப்படுகிறது: தாயோடு மிகவும் ஒட்டிக்கொண்டுவிட்டாய்.

மேற்பார்வையாளர் சொன்னது தவறு என்று நான் சொல்லவில்லை. தகப்பன் பேசியாகத்தான் வேண்டும். ஆனால் இவள் அன்று கற்றது என்ன? பெண்ணின் பேச்சு மிகுதி, ஆணின் பேச்சு வரவு. இதை யாரும் அவளுக்குப் பாடமாக நடத்தவில்லை. தன் பேச்சு அறுபட்டபோது தானே கற்றுக்கொண்டாள். பக்கத்து நாற்காலியில் ஒரு ஆண் மாணவன் இருந்திருந்தால் அவனும் கற்றிருப்பான்: தகப்பன் என்பவன் கோபித்துக்கொண்டு எழுந்துபோகக்கூடிய விருந்தாளி, பார்த்துப் பரிமாற வேண்டும், தாய் எங்கே போய்விடுவாள்? வர்ஜினியா கோல்ட்னர் 1985இல் காட்டியது இந்தக் கணக்கைத்தான். குடும்பத்தைச் சிகிச்சைக்கு அழைத்துவருவதும், சொன்னதைச் செய்வதும், அடுத்த வாரம் திரும்ப வருவதும் தாயின் சிரத்தையால். அவளுடைய சிரத்தையில் ஏறி உட்கார்ந்துகொண்டுதான் சிகிச்சை அவளுக்குச் சிரத்தை அதிகம் என்று தீர்ப்புச் சொல்கிறது.

மொண்டால்வோ நேர்மையானவர். நேரடி மேற்பார்வை பற்றி 1973இல் எழுதிய கட்டுரையில், புதிதாக வருகிறவருக்குத் தூரத்திலிருந்து யாரோ தன்னை இயக்குவது போலத் தோன்றும் என்று மறைக்காமல் சொல்கிறார். தன் சுதந்திரம் நெரிபடுவதாகத் தோன்றினால் மேற்பார்வையாளரிடம் சொல்லிவிட வேண்டும் என்று விதியும் வைக்கிறார். நல்ல விதி. நெரிபடும்போது சொல்லிப் பழகியவர்களுக்கு நல்ல விதி. சொன்னால் அசடு என்றும், சொல்லாமலிருந்தால் சூட்டிகை என்றும் பிறந்ததிலிருந்து கேட்டு வளர்ந்தவர் அந்த நாற்காலியில் இருக்கும்போது, சொல்லவில்லையே, அப்படியானால் நெரிபடவில்லை என்ற முடிவுக்குத்தான் அந்த விதி இட்டுச்செல்லும்.

இந்தத் துறையின் சொந்தச் சித்தாந்தமே இவர்களுக்கு எதிர்சாட்சி. மேற்பார்வையாளருக்கும் மாணவருக்கும் இடையே நடப்பது எதுவோ, அதே வடிவம் மாணவருக்கும் குடும்பத்துக்கும் இடையே மறுபடி நடக்கும் என்று 1980களில் வகுப்புக்கு வகுப்பு சொன்னார்கள். இரண்டும் ஒரே வார்ப்பு. தயக்கம் இறங்கும், தெளிவு இறங்கும், படிநிலைக் குழப்பம் இறங்கும் என்றெல்லாம் நுணுகி நுணுகி எழுதினார்கள். கண்ணாடிக்குப் பின்னால் ஓர் ஆண், முன்னால் அவன் சொல்படி நடக்கும் ஒரு பெண், அவள் எதிரே ஒரு கணவனும் மனைவியும். இந்த நான்கு பேரை வைத்துக்கொண்டு எது இறங்கும் என்று கேட்க மட்டும் அநேகருக்குத் தோன்றவில்லை. தலைமுறை என்ற படிநிலை கண்ணில் பட்டது. பெற்றோர் மேலே, பிள்ளைகள் கீழே, அது குலைந்தால் நோய். ஆண் மேலே பெண் கீழே என்ற படிநிலை சுவரின் நிறம் மாதிரி பின்னணியில் கலந்துபோயிற்று.

வட்டக் காரணம் என்ற சரக்கும் இதற்கு ஒத்தாசை. அவள் நச்சரிப்பதால் அவன் விலகுகிறான், அவன் விலகுவதால் அவள் நச்சரிக்கிறாள். எது முதல் என்று கேட்பது மூடத்தனம். கேட்க அழகாகத்தான் இருக்கிறது. அவன் அடிப்பதால் அவள் பயப்படுகிறாள், அவள் பயப்படுவதால் அவன் அடிக்கிறான் என்று அதே சூத்திரத்தில் எழுதிப்பார்த்தால் அழகு போய்விடும். மிஷெல் போகிராட் 1984இல் இதை உடைத்துக் காட்டினார். பௌலா காப்லனும் ஹால்-மெக்கார்கொடேலும் 1985இல் வெளியிட்ட ஆய்வில், ஒன்பது மருத்துவ, உளவியல் பத்திரிகைகளில் 1970, 1976, 1982 ஆகிய மூன்று வருஷங்களில் வந்த 125 கட்டுரைகளைப் பரிசீலித்தார்கள். 72 விதமான கோளாறுகளுக்குத் தாய் காரணமாக்கப்பட்டிருந்தாள். மாணவர்கள் படித்துக்கொண்டிருந்தது இந்த மாதிரிப் பத்திரிகைகளைத்தான்.

வர்ஜினியா ஸட்டீர் பற்றிச் சொல்லாமல் போக முடியாது. பாலோ ஆல்டோவில் குடும்ப சிகிச்சைப் பயிற்சியை முதலில் தலைமை ஏற்று நடத்தியவர் அவர். 1964இல் அவர் எழுதிய புத்தகம் பயிற்சிக்கென்றே எழுதப்பட்டது. ஆனால் துறையின் கர்ணபரம்பரைக் கதைகளில் ஹேலிக்குத் தந்திரம், மினுச்சினுக்கு நுட்பம், ஸட்டீருக்குக் கருணை. தொடுவார், அணைப்பார், கண்கலங்க வைப்பார். 1974இல் வெனிஸூலாவில் கூடிய மாநாட்டில் மினுச்சின் அவருடைய போக்கை மதப்பிரசாரம் என்கிற தொனியில் கண்டித்தார். அதன்பின் ஸட்டீர் துறையின் மையத்திலிருந்து விலகிப்போனார். ஸட்டீருடைய சில காரியங்கள் எனக்கும் கூச்சமாகத்தான் இருக்கின்றன. ஆனால் ஒருத்தியின் நாற்காலியைப் பிடித்து நகர்த்துவது நுட்பம், தோளில் கை வைப்பது பிரசாரம் என்று பிரித்த தராசு எது? அந்தத் தராசைத்தான் மேற்பார்வை அறையில் எத்தனையோ மாணவிகள் மேல் தூக்கிப் பிடித்தார்கள். கனிவாக இருந்தால் தாய்மைக்கு அடிமை. கறாராக இருந்தால் ஆண்கள் மேல் கோபம்.

1977இல் மேரியன் வால்ட்டர்ஸ், பெட்டி கார்ட்டர், பெகி பாப், ஓல்கா ஸில்வர்ஸ்டைன் நால்வரும் பெண்களின் திட்டம் என்று ஒன்று தொடங்கினார்கள். வால்ட்டர்ஸ் மினுச்சினின் கிளினிக்கிலேயே பணியாற்றியவர். நால்வரும் ஒரே பள்ளி இல்லை, ஒரே முறையும் இல்லை. அதுதான் அந்த முயற்சியின் பலம் என்று நினைக்கிறேன். எந்தப் பள்ளியானாலும் இந்தக் கோளாறு இருந்தது என்று அவர்களால் உள்ளிருந்து சொல்ல முடிந்தது. 1988இல் வந்த ‘கண்ணுக்குப் புலப்படாத வலை’யில், ஆண் பெண் பேதம் தீண்டாத சிகிச்சைத் தலையீடு என்று எதுவுமே கிடையாது, ஒரே வார்த்தை இருவருக்கும் இரண்டு அர்த்தமாகத்தான் போய்ச் சேரும் என்றார்கள். பெகி பாப் அதற்கு முன்பே கண்ணாடிக்குப் பின்னால் இருப்பவர்களைக் கிரேக்க நாடகத்தின் கோஷ்டிபோல் ஆக்கியிருந்தார். அவர்கள் உள்ளே செய்தி அனுப்புவார்கள். சிகிச்சையாளர் குடும்பத்தின் முன்னாலேயே அதை மறுத்துப் பேசலாம். அவருக்கு அது ஒரு உத்தி. எனக்கு முக்கியமாகப் படுவது, இருட்டிலிருந்து வரும் குரலை மறுக்கலாம் என்பது அறைக்குள் சகஜமான காரியமாயிற்று என்பது.

இங்கேதான் நண்பரோடு மட்டுமல்லாமல், அவரை எதிர்க்கிறவர்களோடும் எனக்குத் தகராறு. அதெல்லாம் பழைய கதை என்கிறார்கள் இவர்கள். இன்று அமெரிக்காவில் இந்தத் தொழிலில் பெண்கள்தான் பெரும்பான்மை, கண்ணாடிக்குப் பின்னாலும் பெண்கள் உட்கார்ந்துவிட்டார்கள், பிரச்சனை தீர்ந்தது என்கிறார்கள். ஆள் மாறினால் போதுமென்றால் மிலான் குழுவில் தீர்ந்திருக்க வேண்டும். அங்கே செல்வினி பலாட்ஸோலி, பிராட்டா என்ற இரண்டு பெண்கள். பாஸ்கோலோ, செக்கின் என்ற இரண்டு ஆண்கள். தொடக்க வருஷங்களில் அறைக்குள் ஒரு ஆணும் பெண்ணும், கண்ணாடிக்குப் பின்னால் ஒரு ஆணும் பெண்ணும். இதைவிடக் கச்சிதமான சரிபாதி கிடைக்காது. அந்தச் சரிபாதியிலிருந்துதான் 1980இல், சிகிச்சை நடத்துகிறவருக்கான மூன்று நெறிகளில் ஒன்றாக நடுநிலை பிரகடனம் ஆயிற்று. யார் பக்கமும் சாயாதே. ஏற்கெனவே சாய்ந்திருக்கிற தளத்தில் சாயாமல் நிற்பவன் யாருக்கு அனுகூலமாக நிற்கிறான் என்ற கேள்வி அவர்களுடைய கேள்விப்பட்டியலில் இல்லை. பிறகு குழு பிரிந்தது. ஆண்கள் இருவரும் பயிற்சி தரப் போனார்கள், பெண்கள் இருவரும் ஆராய்ச்சியைத் தொடர்ந்தார்கள். பிரிவுக்குப் பால் பேதம் காரணம் என்று நான் கதை கட்டவில்லை. உலகெங்கும் போய்ச் சொல்லிக்கொடுத்த குரல் எது என்பதை மட்டும் கவனிக்கச் சொல்கிறேன்.

இன்னும் இரண்டு ஆய்வுகள். நெல்ஸனும் ஹாலோவேயும் 1990இல் வெளியிட்டது குடும்ப சிகிச்சை பற்றியது இல்லை, ஆலோசனை உளவியலின் மேற்பார்வை பற்றியது, ஆனாலும் பொருந்தும். மாணவி தன் அபிப்பிராயத்தில் ஊன்றி நின்று பேசும்போது, அதற்கு மேற்பார்வையாளரிடமிருந்து மாணவனுக்குக் கிடைத்த அளவு ஆதரவு கிடைக்கவில்லை. மேற்பார்வையாளர் ஆணா பெண்ணா என்பது இதை மாற்றவில்லை. வெர்னர்-வில்ஸனும் சகாக்களும் 1997இல், குடும்ப சிகிச்சை அறையில் யார் பேச்சு எத்தனை முறை இடைமறிக்கப்படுகிறது என்று எண்ணினார்கள். சிகிச்சைக்கு வந்த பெண்களின் பேச்சு ஆண்களுடையதைப் போல மூன்று மடங்கு வெட்டப்பட்டது. வெட்டியவர்களில் ஆண் சிகிச்சையாளரும் பெண் சிகிச்சையாளரும் ஒரே மாதிரிதான். ஃப்ராம்-ரைக்மனை நினைவில் வைத்துக்கொள்ளச் சொன்னது இதற்காகத்தான். இருபத்தெட்டு வயதில் மணி அடித்து நிறுத்தப்பட்டவள் நாற்பத்தைந்து வயதில் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து எந்த இடத்தில் மணி அடிப்பாள்? அவளுக்குத் தெரிந்த இடத்தில். அவள் பெண் என்பது அந்த விரலுக்குத் தெரியாது. ஆகவே பெண்களைப் பின்னால் உட்காரவைத்துவிட்டுக் கையைத் தட்டிக்கொள்கிறவர்கள், நடுநிலை பேசும் என் நண்பரைவிட ஒரு விதத்தில் ஆபத்தானவர்கள். கேள்வியையே மூடிவிடுகிறார்கள்.

என்னதான் செய்ய வேண்டும் என்று கேட்டால், பெரிய திட்டம் எதுவும் என்னிடம் இல்லை. ஒலிநாடா இருக்கிறது. அதை ஓட்டி, எந்த வாக்கியம் யாருடைய எந்த மணியால் நின்றது என்று மாணவர்கள் எதிரில் எண்ணலாம். எண்ணப்படுவதில் மேற்பார்வையாளரின் மணியும் சேர வேண்டும். 1985 மார்ச்சில் நார்வேயின் வடகோடியில் டாம் ஆண்டர்ஸன், கண்ணாடிக்குப் பின்னாலிருந்த அறையின் விளக்கைப் போட்டு, குடும்பம் இருந்த அறையை இருட்டாக்கினார். பார்த்துக்கொண்டிருந்தவர்கள் பேசுவதைக் குடும்பம் பார்த்தது. ஸ்விட்ச் எப்போதும் அங்கேதான் இருந்தது. வெளிச்சம் வந்தபிறகு அந்த அறையில் யார் முதலில் பேசினார்கள், யார் பேச்சு நடுவில் நின்றது என்பதையும் எண்ண வேண்டியிருக்கும்.

போன வாரம் நண்பரிடம் அந்த ஆஸ்பத்திரிச் சம்பவத்தை மறுபடி சொன்னேன். இம்முறை தாய் பஸ்ஸை விட்டு இறங்குவதிலிருந்து ஆரம்பித்தேன். யாரும் எழுதிவைக்காததை இட்டு நிரப்ப வேண்டியிருந்தது என்பதையும் சொல்லிவிட்டேன். தோளில் கை விழுகிற இடம் வரும்போது அவர் தலையை ஆட்டவில்லை. கதை கெட்டுப்போய்விட்டது என்றார். யாருக்கு என்று கேட்டேன். டீ ஆறிக்கொண்டிருந்தது. பேச்சைக் கவிதைப் பக்கம் திருப்பினார்.